எஸ்தரின் ரப்பர் பூட்ஸுக்கு நான் வைத்த சொல்

காலை ஆறே காலுக்கு என் கைப்பேசி ஒருமுறை துள்ளும். ஓய்வுபெற்ற தோட்ட அலுவலர்கள் சேர்ந்து ஒரு வாட்ஸ்அப் குழு வைத்திருக்கிறோம். அதில் பழைய ஸ்டோர் கிளார்க் ஒருவர் தினமும் ஓர் ஆங்கிலச் சொல்லைப் போடுகிறார். உதிக்கும் சூரியன், ஒரு ரோஜா, ரோஜாவின் தலைமேல் சொல், அடியில் பொருள், அதற்கும் அடியில் ஓர் எடுத்துக்காட்டு. வேலையில் இருந்த காலமெல்லாம் 'கைண்ட்லி டூ த நீட்ஃபுல்' என்பதற்கு மேல் ஒரு வரி எழுதாத மனிதர். எழுபத்தைந்து வயதில் இவ்வளவு சொற்களை வைத்துக்கொண்டு யாரிடம் பேசப்போகிறார் என்று தெரியவில்லை. குழுவில் எல்லோரும் கைகூப்புகிறார்கள். ஒருவரும் படிப்பதில்லை.

போன வியாழக்கிழமை வந்த சொல் 'டவுடிலி'. நாகரிகத்துக்குப் பின்தங்கிய விதத்தில், எடுப்பில்லாமல் என்று பொருள் போட்டிருந்தார். எடுத்துக்காட்டு: 'அந்தப் பெண்மணி விருந்துக்கு டவுடிலியாக உடுத்தி வந்தாள்.' கடைசியில் வழக்கமான வரி: இச்சொல்லை வைத்து ஒரு சொந்த வாக்கியம் அமைத்து அனுப்புக.

நான் தேநீரைக் கீழே வைத்துவிட்டேன்.

உங்களுக்கு இந்தச் சொல் பழக்கமில்லாமல் இருக்கலாம். ஆங்கிலம் பேசுகிறவர்களிலேயே பலர் வாழ்நாள் முழுவதும் இதைத் தொடாமல் இருந்துவிடுகிறார்கள். நல்ல அகராதி எதை எடுத்தாலும் ஒன்று புரியும். உடை கிழிந்திருந்தால் இந்தச் சொல் வராது. அழுக்காக இருந்தாலும் வராது. ஏழ்மைக்கும் வேறு சொற்கள் இருக்கின்றன. துவைத்து, உலர்த்தி, மடித்து, மானமாக உடுத்திய உடையைப் பார்த்து, 'இது இந்த வருஷத்து உடை இல்லை' என்று ஒருவர் மூக்கைச் சுளிக்கும்போதுதான் இது பிறக்கிறது. பார்க்கப்படுகிறவரைவிடப் பார்க்கிறவரைப் பற்றித்தான் அதிகம் சொல்லும் சொல். வீட்டை டவுடிலியாக அலங்கரித்திருப்பதாகச் சொல்லலாம், ஆனால் பெரும்பாலும் பெண்ணைப் பற்றித்தான் சொல்கிறார்கள். எடுத்துக்காட்டு வாக்கியங்களில் எப்போதும் ஒருத்தி வந்து மாட்டிக்கொள்வாள். தமிழில் இதற்கு நேரான சொல் கிடையாது. 'பட்டிக்காடு' என்று திட்டுகிறோம், 'களையில்லை' என்கிறோம். இரண்டும் முகத்துக்கு நேரே சொல்லக்கூடியவை. இது முதுகுக்குப் பின்னால், காகிதத்தில் எழுதுவதற்கென்றே செய்யப்பட்டது.

இந்தச் சொல்லை நான் எழுதிய வருஷத்து நாட்குறிப்பைத் தேடித் தகரப்பெட்டியைத் திறந்தேன். பாச்சை உருண்டை வாடை. நாட்குறிப்புகளுக்கு மேலே என் கோட்டு கிடந்தது.

கோட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். பாலக்காட்டுக்குக் கிழக்கே, கோயமுத்தூர்ச் சாலையிலிருந்து மூன்று மைல் உள்ளே, நிலக்கடலையும் சோளமும் விளையும் ஊர் எங்களுடையது. அங்கே பனியன்மேல் துண்டு போட்டால் உடுத்தியாயிற்று. கல்யாணத்துக்கு மட்டும் சட்டை. 1972இல் ஏலப்பாறைக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில் டைப்பிஸ்ட் கிளார்க்காக வேலை கிடைத்து, நான்கு முழ வேட்டியும் எண்ணெய் வழியும் தலையுமாக மஞ்சுக்குள் போய் இறங்கினேன். அலுவலகத்தின் ஹெட்கிளார்க் தேவசகாயம் திருநெல்வேலிப் பக்கத்து வம்சம். என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"என்னவே பாலக்காடு, கடலை விக்க வந்தீரா, டைப் அடிக்க வந்தீரா?"

"டைப் அடிக்கத்தானுங்க."

"இந்தக் குளிருக்கு வேட்டிய வச்சிக்கிட்டு என்ன செய்வீரு? சாயங்காலம் தேங்கா எண்ண உறையும், அதோட நீரும் உறைவீரு."

தோட்டத்தில் ஒரு வழக்கம் இருந்தது. தோட்டத்து அதிகாரியான ஒரு தொரை மாற்றலாகிப் போகும்போது, எடுத்துப்போக விரும்பாத சாமான்களைப் பங்களா வராந்தாவில் பரப்பி, அலுவலர்களுக்கு விற்றுவிடுவார். வெள்ளைக்காரர்கள் தொடங்கிவைத்தது. அவர்கள் போன பிறகு அந்த நாற்காலியில் வந்து உட்கார்ந்த நம்மவர்களும் விடவில்லை. 'தொரை' என்ற பெயரையே விடாதவர்கள் இதை எங்கே விடப்போகிறார்கள். எங்கள் நாகரிகமெல்லாம் இந்த வராந்தாவிலிருந்துதான் வந்தது. ஒரு தொரை அலுத்துப்போய்க் கழற்றிய உடையை மறுநாள் நாங்கள் புதுசாக மாட்டிக்கொள்வோம். அதைப் போட்டுக்கொண்டு ஸ்டாஃப் கிளப்பில் கேரம் ஆடுவோம். உலகம் ஐந்து வருஷத்துக்கு முன் என்ன போட்டிருந்தது என்று யாராவது தெரிந்துகொள்ள விரும்பியிருந்தால் எங்கள் கிளப்புக்கு வந்திருக்கலாம்.

1973 கடைசியில் உதவி மேனேஜரான சின்ன தொரை கிளம்பியபோது நான் வாங்கியதுதான் இந்தக் கோட்டு. தடித்த கம்பளித் துணி, பழுப்பு நிறம். இரண்டு முழங்கையிலும் முட்டை வடிவத்தில் தோல் ஒட்டியிருந்தது. கிழிசலுக்குப் போட்ட ஒட்டு என்று நினைத்து எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. ஏலப்பாறை தையல்காரரிடம் கொடுத்து இரண்டையும் பிரித்து எடுக்கச் சொன்னேன். அவரும் என்னைப் போலத்தான். "நல்லவேளை கொண்டாந்தீங்க, யாரும் பாக்கறதுக்கு முந்தி," என்றார். தோல் போன இடத்தில் துணி வெளுக்காமல், முழங்கைக்கு ஒன்றாக இரண்டு கரும் வட்டங்கள். அந்தத் தோல்தான் அந்தக் கோட்டின் மோஸ்தரே என்று எனக்குத் தெரியவந்தபோது 1979.

அதே விற்பனையில் எஸ்தரும் இரண்டு பொருள்கள் வாங்கினாள். சின்ன தொரையின் பச்சை மழைக்கோட்டு, முழங்கால்வரை வரும் ரப்பர் பூட்ஸ். எஸ்தர் எங்கள் தோட்டத்து மருத்துவச்சி. முப்பத்தைந்து வயதிருக்கும், கணவன் இல்லை. ஆறு வருஷமாகத் தற்காலிக வேலை. வெள்ளைச் சேலையைக் கணுக்காலுக்கு மேலே தூக்கிச் செருகி, அதன்மேல் அந்த ஆம்பிளை மழைக்கோட்டு, கீழே அந்த பூட்ஸ். பூட்ஸ் இரண்டு அளவு பெரிது. முன்னால் துணி திணித்திருப்பாள். நடந்தால் டொப் டொப் என்று சத்தம் வரும். ஆடி மழையில் தொழிலாளர் வீட்டு வரிசையான மேட்டு லயம்வரை ஏறிப் பிரசவம் பார்க்கிறவள் காலில் அட்டை ஏறாமலிருக்க வேறு என்ன போடுவாள் என்று யோசிக்க எங்கள் அலுவலர் மனைவிமாருக்கு நேரமில்லை. நைலெக்ஸ் சேலைகளில் அவர்கள் ஜன்னலோரம் நின்று சிரிப்பார்கள். லயத்துப் பெண்கள் சிரிக்கவில்லை. கொழுந்து நிறுக்கும் இடத்தில் ஒருத்தி இன்னொருத்தியிடம் சொன்னதை நானே கேட்டேன்:

"எஸ்தரக்கா பூட்ஸ் சத்தம் வாசல்ல கேட்டாப் போதும்டி, பாதி வலி எறங்கிரும்."

எஸ்தரின் மகளுக்குப் பதினொரு வயது. தென்காசிப் பக்கம் ஒரு கன்னியர் விடுதியில் படித்துக்கொண்டிருந்தாள். தற்காலிக ஊழியர்கள் குடும்பத்தை உடன் வைத்துக்கொள்ளக் கூடாது என்பது விதி. தோட்டத்துக் குழந்தைகளை விட்டுப்போகும் கிரெஷ் கொட்டகைக்குப் பின்னால் ஒரு தடுப்பறைதான் எஸ்தருக்கு. வேலை நிரந்தரமானால் வீடு கிடைக்கும், வீடு கிடைத்தால் மகள் வருவாள். டிஸ்பென்சரிக்குக் கீழே ஒரு வீடு காலியாகக் கிடந்தது. அடுத்தது அதுதான் என்று ஹெட்கிளார்க் வாய்வார்த்தையாகச் சொல்லியிருந்தார். அவள் அந்த வாசலில் முன்கூட்டியே டேலியாக் கிழங்கு நட்டுவிட்டாள். காலையில் லயத்துக்குப் போகும் வழியில் பூட்டிய வீட்டின் முன்னால் நின்று தண்ணீர் விட்டுவிட்டுப் போவாள். மகளுக்குப் போடும் கடிதத்தில் ஜன்னலின் நீள அகலத்தைக்கூட எழுதியிருந்தாளாம்.

1974 ஏப்ரலில் ரகசியக் குறிப்பு எழுதும் காலம் வந்தது. ஒவ்வோர் அலுவலரைப் பற்றியும் ஒரு வரி எழுதித் தலைமை அலுவலகத்துக்கு அனுப்ப வேண்டும். எழுத வேண்டியவர் மேனேஜரான பெரிய தொரை. கோட்டயத்துக்காரர். கோல்ஃப் பற்றி அரைமணி நேரம் ஆங்கிலத்தில் பேசுவார், ஒரு பத்தி எழுதச் சொன்னால் வியர்த்துவிடும். பென்சிலால் இரண்டிரண்டு சொல் கிறுக்கி என்னிடம் தருவார், நான் அதை இங்கிலீஷ் ஆக்குவேன். தோட்டத்தில் பெரிய அகராதி வைத்திருந்தவன் நான் ஒருவன்தான். அதைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டே அலுவலகம் போன நாட்களும் உண்டு. இப்போது நினைத்தால் என்னை நானே ஓர் அறை விடலாம்போல் இருக்கிறது.

எஸ்தரின் பெயருக்கு எதிரே 'வேலை நன்று, உடை' என்று எழுதி நிறுத்தியிருந்தார். கேட்டேன். கையை இடுப்புக்குக் கீழே காட்டி பூட்ஸ் வரைந்தார். கிறிஸ்துமஸ் தேநீருக்கு எஸ்தர் பங்களாவுக்கு வந்தபோது அவர் மனைவி தொரசாணியின் கம்பளத்தில் அந்த பூட்ஸின் சேறு பட்டிருந்தது. அன்றைக்கு அவள் மேட்டு லயத்தில் ஒரு பிரசவத்தை முடித்துவிட்டு நேராக வந்திருந்தாள் என்பது கம்பளத்துக்குத் தெரியாது.

"அந்த வேஷம் சரியில்லா. நீயல்லே இங்கிலீஷ்காரன்? நல்ல ஒரு வாக்கு போடு," என்றார்.

வாக்கு என்றால் அவர் மலையாளத்தில் சொல்; நல்ல ஒரு வாக்கு என்னிடம் தயாராக இருந்தது. சின்ன தொரையின் விற்பனையில் கோட்டோடு ஒரு கட்டு லண்டன் பெண்கள் பத்திரிகையையும் வாங்கியிருந்தேன். அதில் பார்த்து, அகராதியில் சரிபார்த்து, பயன்படுத்த ஆள் கிடைக்காமல் இரண்டு மாதமாக வைத்திருந்தேன். அடித்தேன்: 'ஒர்க் குட். டிரெஸ்ஸஸ் டவுடிலி.' ஒரு முறை தள்ளிவைத்துப் பார்த்தேன். வரி அழகாக இருந்தது. அன்றைய நாட்குறிப்பில் எழுதியிருக்கிறேன், படிக்கவே கூசுகிறது: 'இன்று ஒரு அபூர்வச் சொல்லை அலுவலகக் காகிதத்தில் ஏற்றினேன். தொரை பாராட்டினார்.' எஸ்தரின் பெயரே அந்தப் பக்கத்தில் இல்லை.

ஜூலையில் பதில் வந்தது. தேவசகாயம் கடிதத்தைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"என்ன எழவு வார்த்தைவே இது?"

விளக்கினேன்.

"அர்த்தத்த யாரு கேட்டா? நீரு வாரதுக்கு முந்தி இருவது வருசமா எல்லாருக்கும் நான் 'சாட்டிஸ்ஃபாக்டரி'ன்னுதான் போட்டேன். குடிச்சிட்டு விழுந்து கெடந்தவனுக்கும் அதான், ஒழுங்கா வேல பாத்தவனுக்கும் அதான். அங்க எவனும் படிக்கதில்ல. நீரு புதுசா ஒண்ணு போட்டீரு, நின்னு படிச்சிட்டான்."

தலைமை அலுவலகத்தில் யாரோ ஒருவர் இது பாதகக் குறிப்பு என்று முடிவு செய்திருந்தார். அவரும் அகராதியைப் பார்த்தாரோ என்னவோ. பாதகக் குறிப்பு இருந்தால் நிரந்தரமாக்குவது ஒரு வருஷம் தள்ளிப்போகும். குறிப்பை ஊழியருக்குத் தெரிவித்துக் கையெழுத்து வாங்கி அனுப்பவும் என்று எழுதியிருந்தார்கள்.

தேவசகாயம் கதவைச் சாத்தினார். குடிக்கிறவர், கோள் சொல்கிறவர், எனக்கு அவர்மேல் ஒரு நாளும் மரியாதை இருந்ததில்லை. அன்றைக்கு அந்த அலுவலகத்தில் இருந்த ஒரே மனிதர் அவர்தான்.

"இங்க பாரும். 'நீட்லி'ன்னு அடிக்க வேண்டியது டைப்பிங் தப்பாப் போச்சுன்னு ஒரு வரி எழுதும். தொரைகிட்ட கையெழுத்து நான் வாங்கித் தாரேன். பொம்பளைக்கு வீடு கெடச்சிரும்."

எழுதியிருக்கலாம். ஐந்து நிமிஷ வேலை. நான் என்ன சொன்னேன் தெரியுமா?

"அப்படி எழுத முடியாதுங்க. நான் வந்த நாள்லேர்ந்து டைப்பிங்குல ஒரு தப்பு அடிச்சதில்லைங்க."

அவர் கடிதத்தை மடித்துக் கோப்புக்குள் வைத்தார். "சரிவே. உம்ம டைப்பிங் நல்லாருக்கட்டும்," என்று சொல்லிவிட்டுக் கதவைத் திறந்துவிட்டார்.

அந்த வருஷம் எனக்கும் நிரந்தரம் வரவேண்டிய வருஷம். தப்பு அடித்தவன் என்று காகிதத்தில் ஏறிவிடக் கூடாது என்ற பயமும் இருந்தது. அதைப் பயம் என்று ஒப்புக்கொள்ள எனக்கு வெகுகாலம் ஆயிற்று. அதுவரை 'நேர்மை' என்று சொல்லிக்கொண்டிருந்தேன்.

மறுநாள் எஸ்தர் வந்தாள். நல்ல மழை. பூட்ஸை வாசலில் கழற்றிவைத்துவிட்டு வெறுங்காலோடு உள்ளே வந்தாள். அலுவலகச் சிமெண்டுத் தரைக்கு அந்த மரியாதை தேவையே இல்லை. நான் கடிதத்தை நீட்டினேன்.

"இதுல என்ன போட்ருக்கு, தம்பி?"

"உங்க உடுப்பப் பத்திங்க்கா."

"அழுக்காருக்குன்னா?"

"இல்லீங்க்கா. அழுக்குன்னு இல்லை. காலத்துக்கு ஏத்த மாதிரி இல்லைன்னு அர்த்தமுங்க."

"எந்தக் காலத்துக்கு? மழைக்காலத்துக்கா, வெயில் காலத்துக்கா?"

அவள் அந்தச் சொல்லின்மேல் விரலை வைத்து மெல்ல எழுத்துக்கூட்டினாள். பிறகு நிமிர்ந்து என் கோட்டைப் பார்த்தாள். முழங்கைகளைப் பார்த்தாள்.

"இதுக்கும் அந்த வார்த்ததானா?"

"ஆம்பளைங்களுக்கு அதிகமாச் சொல்றதில்லைங்க்கா."

"அப்ப சரி."

கையெழுத்துப் போட்டாள். பேனாவை மூடி என் பக்கம் திருப்பி வைத்தாள். வாசல்வரை போய், குனிந்து பூட்ஸை மாட்டிக்கொண்டே, என்னைப் பார்க்காமல் சொன்னாள்:

"பெரிய தொரைக்கு இம்புட்டு இங்கிலீசு தெரியாதே, தம்பி."

டொப் டொப் என்று சத்தம் டிஸ்பென்சரிப் பக்கம் போயிற்று.

அந்த ஒரு வருஷம் முடியவில்லை. தற்காலிக இடங்களையெல்லாம் எடுத்துவிடுவதென்று மேலே முடிவாயிற்று. நிரந்தரமானவர்களைத் தொட முடியாது, மற்றவர்கள் கிளம்ப வேண்டியதுதான். 1975 மார்ச்சில், சொட்டு மழையில்லாத ஒரு செவ்வாய்க்கிழமை, தகரப்பெட்டியோடு எஸ்தர் ஜீப்பில் ஏறினாள். நல்ல வெயில். அன்றைக்கும் பூட்ஸ் போட்டிருந்தாள். லயத்துப் பெண்கள் மலையிலிருந்து பாதி வேலையில் இறங்கி வந்து நின்றார்கள். கங்காணி சத்தம் போட்டும் நகரவில்லை. நான் அலுவலக ஜன்னலுக்குப் பின்னால் நின்று, ஜீப் புறப்பட்ட நேரத்தைக் குறித்துக்கொண்டேன். பத்து நாற்பது. அதற்கப்புறம் வலி கண்டவர்களைக் கொழுந்து லாரியில் ஏற்றி டவுனுக்குக் கொண்டுபோனார்கள். சிலர்தான் உயிரோடு போய்ச் சேர்ந்தார்கள்.

எனக்கு நிரந்தரம் வந்திருந்தது; அந்த வீட்டை எனக்குக் கொடுத்தார்கள். ஜன்னலை அளந்து பார்த்தேன், அந்த அளவு எனக்கு எதற்கு என்று தெரியவில்லை. ஆகஸ்டில் டேலியா பூத்தது, சிவப்பும் மஞ்சளுமாகச் சாப்பாட்டுத் தட்டு அகலத்துக்கு. தொரசாணி பார்த்துவிட்டு ஆளனுப்பிக் கேட்டாள். நானே பறித்துக் கட்டிக் கொடுத்தனுப்பினேன்.

போன வருஷம் வட்டவடையில் ஒரு கல்யாணத்துக்குப் போனபோது, சுற்றுவழி என்று பாராமல் ஜீப்பை ஏலப்பாறைப் பக்கம் விடச்சொன்னேன். பெரிய பங்களா இப்போது விடுதி. வராந்தாவில், சாமான் பரப்பி விற்ற அதே இடத்தில், ரப்பர் பூட்ஸ் வரிசையாக அடுக்கியிருந்தது. வருகிறவர்கள் தேயிலைக்குள் நடந்து படமெடுத்துக்கொள்வதற்காம். முழங்காலில் வேண்டுமென்றே கிழித்த பேண்ட்டைப் போட்ட ஒரு பெண் அதில் ஒரு ஜோடியை மாட்டிக்கொண்டு, தன் காலைத் தானே படமெடுத்துக்கொண்டிருந்தாள். அவளைச் சொல்லிக் குற்றமில்லை. எனக்குத்தான் நிற்க முடியவில்லை. டிஸ்பென்சரிக்குக் கூரை இல்லை. கிரெஷ் கொட்டகை இருந்த இடத்தில் வண்டி நிறுத்துகிறார்கள். வீட்டு வாசலில் டேலியா இருந்த இடம் எது என்றுகூடச் சொல்ல முடியாதபடி சிமெண்டு போட்டிருக்கிறார்கள். தேவசகாயம் காலமாகி முப்பது வருஷமாகிறது. எஸ்தர் எங்கே போனாள் என்று நான் ஒருவரிடமும் கேட்டதில்லை. தேதிகளை இத்தனை கவனமாக எழுதி வைத்தவனிடம் அவளுடைய ஊர் முகவரி இல்லை.

வியாழக்கிழமைச் சொல்லுக்கு இதுவரை பதினோரு பேர் கைகூப்பியிருக்கிறார்கள். ஸ்டோர் கிளார்க் என்னைப் பெயர் சொல்லித் தனியாகக் கேட்டிருக்கிறார்: "சார், நம்ம குழுவில் அகராதி நீங்கள்தான். ஒரு சொந்த வாக்கியம் அமைத்து அனுப்பக்கூடாதா?"

அனுப்பவில்லை. அந்தச் சொல்லை வைத்து நான் ஒரு வாக்கியம் அமைத்து ஐம்பது வருஷமாகிறது. பெட்டியில் அதன் கார்பன் நகல் இருக்கிறது. இன்னொரு முறை எடுத்துப் படித்துப் பார்த்தேன். தட்டச்சில் ஒரு பிழையும் இல்லை.